கொழும்பு விலாசம்

என் ராசாவுக்கு,

நீ விசாவுக்காக மதராசுக்குப் போய் இன்று மூன்றாம் நாள். பகல் சாப்பாட்டை முடித்துவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு இதை எழுத உட்கார்ந்திருக்கிறேன். வெள்ளிக்கிழமை வந்துவிடுவேன் என்று கார்டு போட்டிருக்கிறாய். அதற்குள் எழுதி முடிக்க வேண்டும். எதிரெதிரே உட்கார்ந்து பேசாமல் எதற்குக் கடிதம் என்று நீ கேட்கலாம். என் தொண்டை ஒரு காரணம். தங்கச்சிமடம் நாடகத்தில் பாதிப் பாட்டில் குரல் நின்றுபோனதிலிருந்து, நாலு வாக்கியம் சேர்ந்தாற்போல் பேசினால் உள்ளே முள் குத்துகிறது. ஆனால் அது மட்டும் இல்லை. வாயால் சொன்னால் நான் நடித்துவிடுவேன். இருபது வருடம் மேடையில் நின்றவள். எந்த இடத்தில் குரலை இறக்கினால் எதிரில் இருப்பவர் கண் கலங்கும் என்று எனக்குத் தெரியும். நான் நினைக்காமலே அது நடந்துவிடும். உன்னிடம் அதை இனிமேல் செய்யக் கூடாது.

நடுவில் பயந்து நிறுத்திவிடுவேனோ என்று இருக்கிறது. அதனால் சொல்ல வேண்டியதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நீ சட்டைப் பையில் மடித்து வைத்திருக்கிறாயே கொழும்பு விலாசம், அங்கே உன்னைப் பெற்ற அய்யா இல்லை. எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. அவர் கடலைத் தாண்டியதே கிடையாது. உன் பெட்டியில் இருக்கும் பதினோரு கடிதங்களும் அவர் எழுதியவை அல்ல, நான் எழுதியவை. இந்த மூன்று வரியை எழுதிவிட்டுப் போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன்.  எழுதிவிட்டேன், இனி உனக்கு மீதியையும் சொல்லியாக வேண்டும்.

நான் ஸ்பெஷல் நாடகத்தில் ஸ்திரீபார்ட் வேஷம் போட்டவள் என்பது உனக்குத் தெரியும். பதினாறு வயதில் மேடை ஏறினேன். பத்தொன்பதாவது வயதில், உப்பூருக்கு மேற்கே ஒரு கிராமத்துக் கோயில் கொடையில் ஆடியபோது உன் அய்யா என்னைப் பார்த்தார். நிலபுலன் உள்ள குடும்பம். ஊருக்குள் பெரிய வீட்டில் மனைவி இருந்தாள், குழந்தை இல்லை. நாலு பேரை வைத்துக் கோயிலில் எனக்கும் தாலி கட்டினார். ஊருக்கு வெளியே தோப்பில் ஓட்டு வீடு ஒன்று கட்டி என்னைக் குடிவைத்தார். நெல்லுக்குக் குறைவில்லை, பாலுக்கு மாடு இருந்தது. ஒரே ஒரு நிபந்தனை, நாடகத்துக்குப் போகக் கூடாது. அலைந்து அலைந்து சலித்திருந்த எனக்கு அது நிபந்தனையாகவே தோன்றவில்லை. சரி என்றேன்.

அந்த வீட்டில் என் உடம்பு தேறியிருக்க வேண்டும். தேறவில்லை, இளைத்தேன். உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு முட்டும், உள்ளங்கை வியர்க்கும். ராமநாதபுரத்து டாக்டர் நெஞ்சில் குழாய் வைத்துப் பார்த்துவிட்டு ஒன்றுமில்லை என்று டானிக் எழுதிக் கொடுத்தார். ஒரு நாள் உன் அய்யா வெளியூர் போயிருந்தபோது, கிணற்றடியில் துணி துவைத்துக்கொண்டே வாய்விட்டுப் பாடினேன். வழக்கமாக மேடையில் பாடும் அத்தனை பாட்டையும் பாடினேன். அன்று முழுக்க மூச்சு முட்டவில்லை. எனக்கு என்ன வியாதி என்று அன்றுதான் புரிந்தது. உனக்கும் உடம்பு காரணமில்லாமல் சோர்ந்தால் டாக்டரிடம் போ, வேண்டாம் என்று சொல்லவில்லை. கூடவே, நீ எதைச் செய்யாமல் இருக்கிறாய் என்றும் யோசித்துப் பார்.

நீ பிறந்தாய். உனக்கு மூன்று வயது முடிந்த சமயம், ஒரு மத்தியானம் சாப்பிட்டுக் கை கழுவிக்கொண்டே உன் அய்யா சொன்னார்: "புள்ளயப் பெரிய வீட்டுல விட்டுரலாம்னு இருக்கேன். பள்ளிக்கூடம் போற வயசு வரப்போவுது. அங்கன வளந்தாத்தான் நாளைக்கு அவனுக்கு ஒரு மரியாத."

"நான்?" என்றேன்.

"நீ எங்க போற? இங்கனயே இரு. அப்பப்ப தூக்கிட்டு வரச் சொல்றேன், பாத்துக்க. பாட்டுப் பாடணுமா, பாடிக்க. யாரு வேணாங்கிறா?"

கோபமாகச் சொல்லவில்லை. வைக்கோல் போரை இடம் மாற்றுவதைப் போலச் சொன்னார். கத்தியிருந்தால் நானும் கத்தியிருப்பேன். அந்த அமைதிதான் என்னைப் பயமுறுத்தியது. அதற்கு அடுத்த வாரம், உனக்கு அம்மை குத்த வேண்டும் என்றேன். அவரே வண்டி கட்டிப் பஸ் ரோடு வரை அனுப்பிவைத்தார். நாடு முழுக்க எல்லோரும் சுதந்திரம் சுதந்திரம் என்று பேசிக்கொண்டிருந்த வருடம் அது. ராமநாதபுரத்தில் பஸ்ஸை விட்டு இறங்கி, உன்னை இடுப்பில் வைத்துக்கொண்டு ஆஸ்பத்திரிப் பக்கம் திரும்பாமல் ஸ்டேஷன் பக்கம் நடந்தேன். எடுத்துக்கொண்டது உன் மாற்றுச் சட்டை இரண்டும் என் புடவை ஒன்றும்தான்.

ரயிலேறி வந்த பாம்பனில் எனக்குத் தெரிந்தவள் உன் சூசையம்மாள் அத்தை ஒருத்திதான். அதுவும் பெரிய பழக்கம் இல்லை. என் கல்யாணத்துக்கு முன்னால் மாதா கோயில் திருவிழாவுக்கு ஆட வந்தபோது, எனக்குக் காய்ச்சல் என்று தெரிந்து கஞ்சி வைத்துக் கொடுத்தவள். அவள் புருஷன் மிக்கேல் கொழும்புத் துறைமுகத்தில் வேலைக்குப் போயிருந்தான். தனியாக இருந்து கருவாடு போட்டு விற்றுக்கொண்டிருந்தாள். நான் வாசலில் போய் நின்று எல்லாவற்றையும் சொல்லி முடித்ததும் அவள் கேட்டது ஒன்றுதான்.

"இங்கன கருவாட்டு நாத்தம் அடிக்கும். தாங்குவியா?"

"தாங்குவேன்."

"அப்ப உள்ள வா. புள்ளய எறக்கி விடு, இடுப்பு ஒடிஞ்சிரப் போவுது."

அந்த வருடங்களில் நான் பட்ட பயத்தை உனக்கு எப்படிச் சொல்வது? ஒவ்வொரு ரயில் சத்தத்துக்கும் தெருவை எட்டிப் பார்ப்பேன். வெள்ளை வேட்டியில் யாராவது ஸ்டேஷனிலிருந்து நடந்து வந்தால் உன்னை உள்ளே இழுத்துக்கொள்வேன். கப்பல் போவதற்காக ரயில் பாலத்தைத் தூக்கி வைத்திருக்கும் நேரம்தான் எனக்கு நிம்மதி; அந்நேரம் ரயில் வர முடியாது. ஒரு நாள் வந்தே விட்டார்கள். உன் அய்யா வரவில்லை, அவருடைய ஆள் ஒருவன். சூசையம்மாள் வாசலில் மீனுக்கு உப்பு வைத்துக்கொண்டிருந்தாள். நான் உள்ளே உன் வாயைப் பொத்தியபடி உட்கார்ந்திருந்தேன்.

"நாடகக்காரி ஒருத்தி, கைப்புள்ளயோட வந்தாளா?" என்று அவன் கேட்பது காதில் விழுந்தது.

"நாடகக்காரியா? இங்கன எல்லாம் மீன்காரிகதான். வேணும்னா மோந்து பாத்துக்க" என்றாள் இவள்.

அவன் போன பிறகு உள்ளே வந்து சிலுவை போட்டுக்கொண்டு, "மாதா மன்னிக்கட்டும், கோயில் பக்கம் பாத்துக்கிட்டே பொய் சொல்லிட்டேன்" என்றாள். கையை எடுத்துப் பார்த்தேன். உன் உதட்டில் என் மோதிரம் பதிந்திருந்தது. நீ அழக்கூட இல்லை. என் பயம் உனக்குள் இறங்கிவிட்டது என்று அன்றைக்கே எனக்குத் தெரியும்.

பிறகு வேறு பெயரில் இந்தத் தீவிலும் கரையோரத்திலும் மட்டும் மறுபடியும் நடிக்கத் தொடங்கினேன். ராமநாதபுரத்தைத் தாண்டி எவ்வளவு பெரிய கொடையாக இருந்தாலும் போனதில்லை. தனி வீடு பார்த்தேன். தாழ்ப்பாள் உள்பக்கம், சாவி என் இடுப்பில். யாரையும் கேட்காமல் பாடினேன், யாரையும் கேட்காமல் உனக்குச் சட்டை எடுத்தேன். ஊர்ப் பெண்கள் என்னைத் தைரியசாலி என்றார்கள். நானும் நம்பினேன். ஆனால் ராசா, ஒருவரை விட்டு வருவது வேறு, அவருக்குப் பயப்படாமல் வாழ்வது வேறு. முதலாவதை ஒரே பகலில் செய்துவிட்டேன். இரண்டாவது எனக்கு இன்றுவரை கூடவில்லை. நான் எந்த ஊரில் ஆடலாம், எந்தத் தெருவில் நடக்கலாம் என்பதையெல்லாம் தோப்பு வீட்டிலிருந்து அவர்தான் தீர்மானித்துக்கொண்டிருந்தார். அது அவருக்கே தெரியாது.

சூசையம்மாள் செய்ததற்குப் பதிலாக ஏதாவது செய்ய வேண்டும் என்று எனக்குள் ஓர் அரிப்பு இருந்தது. வசனம் பாடம் செய்வதற்காகச் சின்ன வயதிலேயே எழுதப் படிக்கக் கற்றிருந்தேன். இங்கே பல வீடுகளில் ஆண்கள் கொழும்பிலும் மன்னாரிலும் இருந்தார்கள். கடிதம் வந்தால் வாசிக்க ஆள் இல்லை. மத்தியானங்களில் நான் வாசித்துக் காட்டினேன், பதிலும் எழுதிக் கொடுத்தேன். நான் வாசித்தால் அந்த ஆளே வந்து பேசுவது போல இருக்கிறது என்பார்கள். எனக்கும் பெருமையாக இருந்தது. உனக்கு ஏழு வயதாக இருக்கும்போது மிக்கேலிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. சூசையம்மாள் கவரைப் பிரிக்காமலேயே ஓடி வந்தாள். நான் பிரித்து, முதல் பார்வையிலேயே முழுவதையும் படித்துவிட்டேன். அவன் அங்கே இன்னொருத்தியோடு குடும்பமாகிவிட்டான். என்னை எதிர்பார்க்காதே, உன் அண்ணன் வீட்டோடு போய் இரு என்று எழுதியிருந்தான்.

அவள் என் வாயையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கை எல்லாம் மீன் செதில். எனக்காகக் கோயிலைப் பார்த்துக்கொண்டு பொய் சொன்னவள். அந்தக் கடிதத்தை அப்படியே வாசிக்க எனக்கு நாக்கு எழவில்லை. "அன்புள்ள சூசைக்கு" என்று தொடங்கினேன். சுகமாக இருப்பதாகவும், வேலை அதிகம் என்பதால் திருவிழாவுக்கு வர முடியவில்லை என்றும், அவள் வைக்கும் மீன் குழம்பு நினைப்பாகவே இருப்பதாகவும் வாசித்தேன். அவள் முகம் மலர்ந்தது. என் வாழ்நாளில் அதைவிட நன்றாக நான் எந்த மேடையிலும் நடித்ததில்லை. நீ அப்போது என் முழங்கையைப் பிடித்து ஆட்டினாய். "எல்லாருக்கும் அய்யா எழுதுறாக, எங்கய்யா ஏன்மா எழுதல?" என்று கேட்டாய். பொய் சொன்ன சூடு நாக்கில் இன்னும் ஆறவில்லை. தாளைத் திருப்பி, "ஒனக்கும் எழுதியிருக்காகளே, இங்கன பாரு" என்றேன். பின்பக்கம் வெறும் தாள். உனக்கு அப்போது எழுத்துக் கூட்டத்தான் தெரியும், அதுவும் என் கையில் இருந்த தாள் உன் உயரத்துக்கு எட்டாது.

அப்படித்தான் ஆரம்பித்தது. உன் அய்யாவும் மிக்கேலும் கொழும்பில் ஒரே லைன் வீட்டில் இருக்கிறார்கள், ஒரே கவரில் போட்டு அனுப்புகிறார்கள் என்று சொன்னேன். நீ படிக்கக் கற்றுக்கொண்ட பிறகு நானே எழுதி, மிக்கேலின் கவருக்குள் வைத்துக் கொடுத்தேன். நீ மனப்பாடமாக வைத்திருக்கும் விலாசம் மிக்கேலுடையது. நீந்தக் கற்றுக்கொள் என்று உன் அய்யா எழுதினார், கற்றுக்கொண்டாய். கணக்கில் நல்ல மார்க் வாங்கு என்று எழுதினார், வாங்கினாய். நான் சொன்னால் கேட்காத எல்லாவற்றையும் அவர் எழுதியதும் கேட்டாய். எனக்கு அது சௌகரியமாகக்கூட இருந்தது. இதை ஒப்புக்கொள்ள வெட்கமாக இருக்கிறது. அந்தப் பக்கம் சூசையம்மாள் சொல்லச் சொல்ல நான் எழுதிய ஆசையான பதில்களைப் பார்த்து மிக்கேலுக்கு எரிச்சல். ஒவ்வொரு கடிதத்திலும் அவன் எரிச்சல் கூடியது, நான் வாசித்ததில் அன்பு கூடியது. ஒரு பொய் உடைந்தால் இரண்டும் உடையுமே என்று தபால்காரனைக் கண்டாலே உள்ளே போய்விடுவேன்.

இப்படியே நாலு வருடம் ஓடியது. ஒரு நாள் சூசையம்மாள், "அவுகளுக்கு வரத்தான முடியல, நான் போய்ப் பாத்துட்டு வாரேன்" என்று சொல்லி எப்படியோ பெர்மிட் வாங்கிவிட்டாள். தடுக்க என்னென்னவோ சொன்னேன். உண்மையை மட்டும் சொல்லவில்லை. கப்பல் பயணிகளுக்கான மண்டபம் கேம்பில் ஊசி போட்டுக்கொண்டு, கருவாடும் பனங்கருப்பட்டியும் கட்டிக்கொண்டு கப்பல் ஏறினாள். பன்னிரண்டு நாள் கழித்துத் திரும்பி வந்தவள் தன் வீட்டுக்குக்கூடப் போகாமல் நேரே இங்கே வந்தாள். மடியிலிருந்து கடிதக் கட்டை எடுத்து என் முன்னால் வைத்தாள். அவ்வளவையும் கூடவே எடுத்துக்கொண்டு போயிருக்கிறாள், அவனிடம் காட்டுவதற்காக.

"வாசி" என்றாள். "இதுல என்ன இருக்கோ, அத வாசி."

வாசித்தேன். முதல் கடிதத்திலிருந்து கடைசிக் கடிதம் வரை ஒன்றுவிடாமல், ஏற்ற இறக்கம் இல்லாமல் வாசித்தேன். அவள் அழவில்லை. முடித்ததும், "அங்கன அந்தப் பொம்பள என்னையப் பாத்து, 'எத்தனவாட்டி எழுதுனாக, ஒனக்கு வெக்கமில்லையா'ன்னு கேட்டா. நான் கருப்பட்டிய கையில வச்சுக்கிட்டு முழிக்கிறேன். நாலு வருசம் என்னையச் சின்னப்புள்ளயாக்கிட்டியே தாயி" என்றாள். நான் அவள் காலைப் பிடித்தேன். அவள் காலை இழுத்துக்கொண்டாள்.

அப்போதுதான் நீ பள்ளிக்கூடம் விட்டு ஓடி வந்தாய். பையைக்கூடக் கழற்றாமல், "அத்தே, எங்கய்யாவப் பாத்தீகளா? என்ன சொன்னாக?" என்று கேட்டாய். உனக்கு ஞாபகம் இருக்கும். அவள் என்னைப் பார்த்த பார்வை உனக்குத் தெரிந்திருக்காது. என் உயிர் அவள் வாயில் இருந்தது. "ஒங்கய்யா வேல மாறி வேற ஊருக்குப் போயிட்டாகளாம்லே. நான் பாக்கல" என்றாள். நீ தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு வெளியே போனதும் சொன்னாள்: "ஒனக்காக நான் சொல்ற கடைசிப் பொய் இது. அவனுக்கு உள்ளத எப்ப வாசிக்கப் போற?" வாசிக்கிறேன் என்றேன். ஒன்பது வருடம் ஆகிவிட்டது.

ஒரு மாதம் அவள் என்னோடு பேசவில்லை. பிறகு ஒரு சிலேட்டோடு வந்து உட்கார்ந்தாள். இனி எவளும் தனக்கு வாசித்துக் காட்ட வேண்டாம், எழுத்தைக் காட்டு என்றாள். மற்றப் பெண்களும் ஒவ்வொருத்தியாக வந்தார்கள். இந்த ஊருக்கு நான் திருப்பிக் கொடுத்தது என்று ஏதாவது இருந்தால் அதுதான். முன்னால் வாசித்துக் காட்டிய கடிதங்கள் எல்லாம் அதில் சேராது. ஒருவருக்கு நல்லது செய்கிறோம் என்ற நினைப்பு வரும்போது கொஞ்சம் பயப்படு, ராசா. அவரைக் கேட்காமல் அவருக்காக முடிவு செய்துவிட்டோமா என்று பார். உன் அய்யா எனக்குச் செய்ததும் அதுதான், நான் இவளுக்குச் செய்ததும் அதுதான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். போன வருடம் ஆடி அமாவாசைக்கு உனக்குச் சாப்பாடு எடுத்துக்கொண்டு நீ வேலை பார்க்கும் ராமேஸ்வரம் ஸ்டேஷனுக்கு வந்தேன். டிக்கெட் கவுண்டரில் நீ இருந்தாய், முன்னால் ஒரே கூட்டம். வரிசையில் மூன்றாவதாக உன் அய்யா நின்றார். தலை நரைத்திருந்தது, ஒரு தோள் இறங்கியிருந்தது, ஆனால் நின்ற விதம் மாறவில்லை. நான் தூணுக்குப் பின்னால் போய்விட்டேன். தூக்குச்சட்டி மூடி கடகடவென்று ஆடியது, இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்துக்கொண்டேன். அவர் கவுண்டருக்குக் குனிந்து, "ராமநாதபுரம் வண்டி எத்தன மணிக்கு தம்பி?" என்றார். நீ நிமிர்ந்து பார்த்து, "ஒண்ணரைக்குங்கய்யா" என்றாய். டிக்கெட்டை வாங்கிக்கொண்டு அவர் நகர்ந்தார். பெரியவர் யார் வந்தாலும் நீ சொல்லும் வார்த்தைதான்.  அன்றைக்குச் சாப்பாட்டைப் போர்ட்டரிடம் கொடுத்தனுப்பிவிட்டுத் திரும்பியது அதனால்தான். ஏன் உள்ளே வரவில்லை என்று நீ கேட்டபோது தலைவலி என்றேன்.

அதற்குப் பிறகுதான் நீ கொழும்புக்குப் போகிறேன் என்று ஆரம்பித்தாய். அய்யாவின் கடிதங்கள் நின்று இத்தனை வருடம் ஆகிவிட்டது, உயிரோடு இருக்கிறாரா என்று தெரியாமல் இனி இருக்க முடியாது, பழைய விலாசத்திலேயே போய் விசாரிக்கிறேன் என்றாய். நீ கப்பல் ஏறினால் ஒரு பயம். முன்பின் தெரியாத மிக்கேலின் வாசலில் நின்று, சூசையம்மாள் நின்றது போல நிற்பாய். ஏறாமல் உண்மை தெரிந்துகொண்டால் இன்னொரு பயம், என்னை விட்டுவிட்டு அவரிடம் போய்விடுவாய். எந்தப் பயம் பெரியது என்று இத்தனை நாளாக எடைபோட்டுக்கொண்டிருந்தேன். இரண்டும் என் பயம்தான். உனக்காகப் பயப்படுகிறேன் என்று நான் சொல்லிக்கொண்டதெல்லாம் எனக்காகப் பயப்பட்டது.

நேற்று இரவு வரை எழுதியதை இன்று காலை சூசையம்மாளிடம் கொடுத்தேன். விரலை ஓட்டி ஓட்டி, ஒரு மணி நேரம் வாசித்தாள். பிறகு ஓர் இடத்தில் விரலை நிறுத்தி, "இங்கன நடிச்சிருக்க. இத அடி" என்றாள். தோப்பு வீட்டைப் பற்றிச் சொல்லும் இடத்தில் மை பூசி அடித்திருக்கும் நாலு வரி அதுதான். உன் அய்யா உன்னைத் தொட்டுக்கூடப் பார்த்ததில்லை, நீ அவருக்குச் சொத்துக்கு ஒரு வாரிசு மட்டும்தான் என்று எழுதியிருந்தேன். அது பொய். வயலுக்குப் போகும்போதெல்லாம் உன்னைத் தோளில் வைத்துக்கொண்டுதான் போவார். உனக்குக் காய்ச்சல் வந்தபோது மூன்று நாள் தோப்பு வீட்டை விட்டு நகரவில்லை, ஒரு வேளை கூடச் சரியாகச் சாப்பிடவில்லை. நீ அவரைக் கண்டால் என்னிடமிருந்து தாவுவாய். நான் ஓடி வந்ததற்கு என் மூச்சு ஒரு காரணம், பெரிய வீடு ஒரு காரணம், இதுவும் ஒரு காரணம். உன்னைத் தேடி அவர் எத்தனை ஊர் அலைந்தார் என்று எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளவும் நான் துணியவில்லை.

அவர் பெயரும் ஊரும், எந்த பஸ்ஸில் ஏறி எங்கே இறங்க வேண்டும் என்பதும் கடைசித் தாளின் பின்பக்கம் இருக்கின்றன. இங்கிருந்து அரை நாள் பயணம். கூட வரட்டுமா என்று கேட்க மாட்டேன், போக வேண்டாம் என்றும் சொல்ல மாட்டேன். திரும்பி வா என்று எழுத வாய்வரை வருகிறது, அதையும் எழுதவில்லை. வெள்ளிக்கிழமை நீ குளித்துச் சாப்பிட்டதும் இதை உன் கையில் கொடுப்பேன். வாசித்துக் காட்ட மாட்டேன். நீயே வாசித்துக்கொள். நான் அடுப்படியில் இருப்பேன். நீ எழுந்திருக்கும் சத்தம் கேட்டால், உள்பக்கம் வருகிறாயா வாசல் பக்கம் போகிறாயா என்று திரும்பிப் பார்க்க எனக்குத் தைரியம் இருக்காது.

அம்மா